சின்னக் கல்லூரியில் 60 வருடம்: ஜான் கலார்டி ஏன் இடம் மாறவில்லை?

உங்கள் கேள்வி இதுதான்: அமெரிக்கன் ஃபுட்பாலில் வேறு எந்தக் கல்லூரி கோச்சையும்விட அதிக மேட்ச் ஜெயித்தவர் ஜான் கலார்டி, மொத்தம் 489 வெற்றி. அப்படிப்பட்டவர் மினசோட்டாவில், வெளியில் அதிகம் பேர் கேள்விப்படாத ஒரு சின்னக் கல்லூரியிலேயே 60 வருடம் ஏன் இருந்தார்? பெரிய இடத்துக்குப் போகப் பயமா, அல்லது போட்டி குறைந்த இடத்தில் ஜெயிப்பது வசதியாக இருந்ததா? கேள்வியை இரண்டு மூன்று தடவை படித்தபோது, அதற்கு அடியில் இன்னொரு கேள்வி இருப்பதாக எனக்குப் பட்டது. சின்னக் கல்லூரியில் கோச்சாக இருப்பது ஒரு ஆயுளுக்கான வேலையா, இல்லை பெரிய இடம் கிடைக்கும்வரை காத்திருக்கிற திண்ணையா? அதை முதலில் பேசினால்தான் கலார்டி விஷயம் புரியும்.

நான் கோச் இல்லை, அந்த ஆட்டத்தை ஆடியதும் இல்லை. விஸ்கான்சினில் ஒரு சிறிய தனியார் கல்லூரியின் மாணவர் சேர்க்கை அலுவலகத்தில் 16 வருடம் வேலை பார்த்தேன். ஃபுட்பால் கோச்சின் அறை எங்கள் அலுவலகத்திலிருந்து இரண்டு கதவு தள்ளி. அந்த 16 வருடத்தில் மூன்று தலைமை கோச்சுகள் வந்து போனார்கள். அவர்கள் வேலை எப்படி நடக்கிறது என்பதை உறுதியாகச் சொல்வேன். களத்தில் எந்த உத்தி ஏன் பலித்தது என்பதில் என் வார்த்தையைவிட ஆடியவர்களின் வார்த்தைக்கு மதிப்பு அதிகம்.

தொலைக்காட்சியில் நாம் பார்க்கும் கல்லூரி ஃபுட்பால், அலபாமா, ஒஹாயோ ஸ்டேட் போன்ற பெரிய பல்கலைக்கழகங்களுடையது. லட்சம் பேர் உட்காரும் மைதானம், வருடத்துக்குப் பல மில்லியன் டாலர் வாங்கும் கோச், ஆட்டக்காரர்களுக்கு முழு உதவித்தொகை. இது கல்லூரி விளையாட்டுகளை நிர்வகிக்கும் என்.சி.ஏ.ஏ. என்ற அமைப்பின் டிவிஷன் 1. அந்த அமைப்பு 1973-ல் தன் கல்லூரிகளை மூன்று டிவிஷனாகப் பிரித்தது. மூன்றாவது டிவிஷனின் அடிப்படை விதி, விளையாட்டுக்காக யாருக்கும் உதவித்தொகை தரக்கூடாது என்பது. மதிப்பெண்ணுக்குத் தரலாம், குடும்ப வருமானத்தைப் பார்த்துத் தரலாம், பந்து எறியும் கைக்காகத் தரக்கூடாது. இன்று டிவிஷன் 3-ல் 400-க்கு மேல் கல்லூரிகள் இருக்கின்றன, அவற்றில் பாதிக்குச் சற்று மேல் ஃபுட்பால் அணி வைத்திருக்கின்றன. இதற்கு வெளியே என்.ஏ.ஐ.ஏ. என்று இன்னொரு அமைப்பும் உண்டு, அதிலும் பெரும்பாலும் சின்னக் கல்லூரிகள்தான். கலார்டியின் வாழ்க்கை இந்த இரண்டு அமைப்புகளுக்குள் ஓடியது.

உதவித்தொகை இல்லை என்றால் என்ன ஆகிறது? பையனும் அவன் பெற்றோரும் கட்டணம் கட்டி வந்து விளையாடுகிறார்கள். அதனால் சின்னக் கல்லூரியின் ஃபுட்பால் கோச் பாதி நேரம் மாணவர் சேர்க்கும் ஆளாக இருக்கிறார். கணக்கு சுலபம். சலுகை எல்லாம் போக ஒரு மாணவனிடமிருந்து கல்லூரிக்கு வருடம் 20,000 டாலர் வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அணியில் 100 பேர் இருந்தால் 20 லட்சம் டாலர். 1,200 பேர் படிக்கும் கல்லூரிக்கு அது சின்னத் தொகை இல்லை. ஃபுட்பால் அணி வைத்தால் செலவுதானே என்று வெளியிலிருந்து பார்ப்பவர்கள் நினைப்பார்கள். ஆண் மாணவர்கள் குறைந்துகொண்டே வரும் சிறிய கல்லூரிகள் சில புதிதாக ஃபுட்பால் அணி தொடங்குவது இந்தக் கணக்கால்தான்.

எங்கள் கோச் ஒருவரின் அறையில் ஒரு வெள்ளைப் பலகை இருந்தது. அதில் விரல் நீளத்துக்குக் காந்தப் பட்டைகள், ஒவ்வொன்றிலும் ஒரு பள்ளிப் பையனின் பெயர். வெள்ளைப் பட்டை என்றால் போனில் பேசியாயிற்று, மஞ்சள் என்றால் கல்லூரியை வந்து பார்த்துவிட்டான், பச்சை என்றால் முன்பணம் கட்டிவிட்டான். டிசம்பரில் பலகை முழுக்க வெள்ளை. ஜனவரி, பிப்ரவரியில் அவர் பனியில் நாலு மணி நேரம் காரோட்டிப் போய், பால் பண்ணை வைத்திருக்கும் ஏதோ ஒரு வீட்டின் சமையலறை மேஜையில் உட்கார்ந்து பேசிவிட்டு அதே இரவு திரும்புவார். மறுநாள் காலை பலகையில் ஒரு பட்டை நிறம் மாறியிருக்கும், அல்லது காணாமல் போயிருக்கும். பெற்றோர் அதிகம் கேட்பது ஃபுட்பாலைப் பற்றி இருக்காது. கால் உடைந்தால் அந்த வருடப் படிப்பு என்ன ஆகும், வேதியியல் லேப் பயிற்சி நேரத்தில் வந்தால் எதை விடுவான், அறையில் உடன் தங்குபவன் எப்படிப்பட்டவன். எங்கள் கோச் லேப் கேள்விக்கு எப்போதும் ஒரே பதில்தான் சொல்வார்: "லேப்புக்குப் போகட்டும், பயிற்சிக்குத் தாமதமாக வரட்டும்." சொன்னபடி நடந்தும் கொண்டார். செவ்வாய்க்கிழமைகளில் ஏழெட்டுப் பேர் தாமதமாக ஓடி வருவதை என் ஜன்னலிலிருந்து பார்த்திருக்கிறேன்.

ஆகஸ்ட் மாதம் அந்தப் பையன்கள் வந்து சேர்ந்ததும் இன்னொரு வேலை தொடங்குகிறது. டிவிஷன் 3-ல் வழக்கமான சீசன் என்பது 10 மேட்ச், செப்டம்பரில் தொடங்கி நவம்பர் நடுவில் முடிந்துவிடும். உதவி கோச்சுகளில் பாதிப் பேர் பகுதிநேரம்: ஒருவர் பள்ளி ஆசிரியர், இன்னொருவர் காப்பீட்டு ஏஜென்ட். சனிக்கிழமை மேட்ச் முடிந்து, ஞாயிற்றுக்கிழமை மதியம் தலைமை கோச்சே துணி உலர்த்தும் இயந்திரத்தின் முன்னால் நின்று ஜெர்சிகளை எண் வரிசையில் மடித்து அடுக்குவதைப் பார்த்திருக்கிறேன். பல கல்லூரிகளில் அவர்தான் உடற்கல்வி வகுப்பும் எடுப்பார். சம்பளம் ஒரு பேராசிரியரின் சம்பளத்தை ஒட்டி இருக்கும், அதற்கும் கீழே இருப்பதும் உண்டு. சரி, இந்த வேலைக்குள்தான் கலார்டி 60 வருடம் இருந்தார். இப்போது அவரிடம் வருகிறேன்.

அவர் 1926 நவம்பர் 1-ல் கொலராடோ மாநிலத்தின் டிரினிடாட் என்ற நிலக்கரிச் சுரங்க ஊரில், இத்தாலியிலிருந்து வந்த குடும்பத்தில் பிறந்தவர். 1943-ல் அவர் படித்த கத்தோலிக்க உயர்நிலைப் பள்ளியின் ஃபுட்பால் கோச்சைப் போருக்கு அழைத்துக்கொண்டார்கள். கோச் இல்லாததால் அணியைக் கலைத்துவிடப் பள்ளி நினைத்தது. 16 வயதுப் பையன் போய் "நானே பார்த்துக்கொள்கிறேன்" என்று கேட்டு வாங்கினார். ஆடிக்கொண்டே கோச்சாகவும் இருந்தார். அவருடைய முழுப் பாணிக்கும் விதை அங்கேதான் விழுந்தது என்று நினைக்கிறேன். அந்தக் காலத்தில் பயிற்சியின்போது தண்ணீர் குடிக்க விடமாட்டார்கள், குடித்தால் ஆள் தளர்ந்துவிடுவான் என்ற நம்பிக்கை. குந்திய நிலையில் வாத்து மாதிரி நடக்க வைப்பார்கள், ஒருவர் மேல் ஒருவர் மோதிக்கொண்டே இருக்கச் சொல்வார்கள். இதையெல்லாம் பட்டவர் என்பதால், அதிகாரம் கைக்கு வந்ததும் கலார்டி முதலில் செய்தது அவற்றை நிறுத்தியது. தண்ணீர் கொடுத்தார். உடம்பை வருத்தும் பயிற்சிகளை விட்டுவிட்டு, மேட்சில் ஆடப் போவதை மட்டும் திரும்பத் திரும்ப ஆடிப் பார்த்தார்கள். ஜெயித்தார்கள்.

ஆறு வருடம் பள்ளி அணிகளுக்குக் கோச்சாக இருந்துகொண்டே கொலராடோ கல்லூரியில் பட்டம் வாங்கினார். 1949-ல், 22 வயதில், மொன்டானா மாநிலத்தின் ஹெலினா ஊரில் இருக்கும் கேரல் கல்லூரி அவரைத் தலைமை கோச்சாக எடுத்தது. ஃபுட்பாலோடு பேஸ்கட்பாலும் அவர் பொறுப்பு. நாலு சீசனில் 24 வெற்றி, 6 தோல்வி, ஒரு டிரா. 1953-ல் மினசோட்டாவின் காலேஜ்வில் என்ற இடத்துக்கு வந்தார். அங்கே பெனடிக்டைன் என்ற கத்தோலிக்கத் துறவிகள் நடத்தும் செயின்ட் ஜான்ஸ் பல்கலைக்கழகம் இருக்கிறது. பெயரில் பல்கலைக்கழகம் என்று இருந்தாலும், ஏரியும் பைன் காடும் சூழ்ந்த, ஆண்கள் மட்டும் படிக்கும் ஒரு சிறிய கல்லூரிதான் அது. அவருக்கு முன் அங்கே கோச்சாக இருந்தவர் என்.எஃப்.எல். என்ற தொழில்முறை ஃபுட்பால் லீக்கின் வரலாற்றில் பெரிய நட்சத்திரமான ஜானி பிளட் மெக்னலி. அவராலேயே அங்கே பெரிதாக எதுவும் செய்ய முடியவில்லை. 26 வயதுக் கலார்டி வந்த முதல் சீசனிலேயே மாநாட்டுப் பட்டத்தில் பங்கு கிடைத்தது. மாநாடு என்றால் அக்கம்பக்கத்துக் கல்லூரிகள் சேர்ந்து ஆடும் குழு. ஐஸ் ஹாக்கிக்கும் ஆள் இல்லை என்று சில வருடம் அந்த அணியையும் அவரிடமே கொடுத்தார்கள். சின்னக் கல்லூரியில் இது சகஜம்.

அப்புறம் நடந்தவை பதிவில் இருப்பவை. 1963-ல் டெக்சாஸின் பிரெய்ரி வியூ அணியை 33-27 என்று தோற்கடித்து என்.ஏ.ஐ.ஏ. தேசியப் பட்டம். தோற்ற அணியில் பின்னாளில் கான்சாஸ் சிட்டி சீஃப்ஸ் என்ற தொழில்முறை அணிக்கு ஆடிய ஓட்டிஸ் டெய்லர் இருந்தார் என்பதை வைத்து எதிராளி எப்படிப்பட்டவர்கள் என்று புரிந்துகொள்ளலாம். 1965-ல் லின்ஃபீல்டை 33-0 என்று வென்று இரண்டாவது பட்டம். 1976-ல் டவ்சனை 31-28 என்று வென்று டிவிஷன் 3 பட்டம். அதற்கு 27 வருடம் கழித்து, 2003-ல், 77 வயதில் நாலாவது. அந்த வருடம் நவம்பர் 8-ல் பெத்தல் அணியை 29-26 என்று வென்றதுதான் அவருடைய 409-வது வெற்றி. லூசியானாவின் கிராம்ப்ளிங் பல்கலைக்கழகத்தில் 1941 முதல் 1997 வரை கோச்சாக இருந்த எடி ராபின்சனின் 408 அன்று பின்னால் போனது. அடுத்த மாதம் இறுதிப் போட்டியில், தொடர்ந்து 55 மேட்ச் ஜெயித்து வந்த மவுண்ட் யூனியனை 24-6 என்று வீழ்த்தினார்கள். 2006-ல் கல்லூரி ஃபுட்பாலின் புகழ் மன்றத்தில், இன்னும் வேலையில் இருக்கும்போதே சேர்க்கப்பட்டார். 2012 சீசன் முடிந்ததும் 86 வயதில் ஓய்வு. மொத்தக் கணக்கு 489 வெற்றி, 138 தோல்வி, 11 டிரா. 2018 அக்டோபர் 7-ல், 91 வயதில் இறந்தார்.

ஆனால் என்னை இழுப்பது அவர் பயிற்சி நடத்திய விதம். "வேண்டாம்" என்று அவர் ஒதுக்கியவற்றின் பட்டியல் வருடத்துக்கு வருடம் நீண்டுகொண்டே போனது. விசில் கிடையாது. ஆளை மோதித் தள்ளப் பழகும் இரும்புச் சட்டம் கிடையாது. பயிற்சியில் ஒருவரை ஒருவர் டேக்கிள் செய்து தரையில் சாய்ப்பது கிடையாது. எடை தூக்குவது அவரவர் விருப்பம். தடித்த ஆட்டப் புத்தகம் கிடையாது. பயிற்சி ஒன்றரை மணி நேரத்தைத் தாண்டாது. சேறாக இருந்தால், வெயில் மிகுந்தால், கொசு மொய்த்தால் உள்ளே போய்விடலாம். பழைய மாணவர்கள் புதியவர்களைச் சீண்டி வேலை வாங்குவது கிடையாது. யாரையும் அணியிலிருந்து வெட்டுவது கிடையாது, வந்தவன் எல்லாம் அணிக்காரன். அதனால் சில வருடம் 150 பேருக்கு மேல் உடை மாட்டிக்கொண்டு நிற்பார்கள். முக்கியமாக, யாரும் அவரை "கோச்" என்று கூப்பிடக்கூடாது. 18 வயதுப் பையன் 80 வயதுப் பெரியவரை "ஜான்" என்று பெயர் சொல்லித்தான் கூப்பிட வேண்டும். அமெரிக்காவில் கோச் என்பது நம் ஊரில் "வாத்தியார்", "சார்" என்பது மாதிரி. பள்ளியில் சொல்லிக்கொடுத்தவரை 30 வருடம் கழித்துச் சந்தையில் பார்த்தாலும் கோச் என்றுதான் அழைப்பார்கள். அந்த ஊரில் அந்தச் சொல்லை விடச் சொல்வது எவ்வளவு பெரிய காரியம் என்று எனக்கு அங்கே வாழ்ந்த பிறகுதான் தெரிந்தது.

பயிற்சி தொடங்கும்போது உடம்பைச் சூடாக்கும் வழக்கத்தையும் அவர் விளையாட்டாக்கிவிட்டார். அவர்கள் செய்த ஒன்று இப்படி: எல்லோரும் புல்லில் மல்லாந்து படுத்து, வானத்தைப் பார்த்து, பக்கத்தில் கிடப்பவனிடம் இன்று எவ்வளவு நல்ல நாள் என்று சொல்வார்கள். அவ்வளவுதான், எழுந்து ஆட்டத்துக்குப் போய்விடுவார்கள். கேட்பதற்குச் சிரிப்பாக இருக்கலாம். தேசியப் பட்டம் வென்ற அணி அக்டோபர் மாலையில் இப்படிப் படுத்துக் கிடப்பதை நினைத்துப் பாருங்கள். விளையாட வந்தது எதற்கு என்பதை அந்தக் கிழவர் ஒருநாளும் மறக்கவில்லை என்று எனக்குத் தோன்றும்.

சரி, இந்த முறையால்தான் ஜெயித்தாரா? இங்கே உறுதியானதையும் ஊகத்தையும் பிரித்துச் சொல்ல வேண்டும். இப்படிப் பயிற்சி நடத்தினார் என்பதும், 638 மேட்சில் 489 ஜெயித்தார் என்பதும் உறுதி. முன்னதால்தான் பின்னது வந்தது என்பதை யாரும் நிரூபிக்க முடியாது. ஒரே ஒரு ஆள், ஒரே ஒரு கல்லூரி. அதே நேரம் அவருக்கு வேறு சாதகங்களும் இருந்தன. மினசோட்டாவின் கத்தோலிக்கக் குடும்பங்களில் அப்பா, சித்தப்பா, அண்ணன் என்று வழிவழியாக அந்தக் கல்லூரிக்கே பையன்களை அனுப்பும் பழக்கம் உண்டு. நான் மேலே சொன்ன வெள்ளைப் பலகையை நிரப்ப மற்ற கோச்சுகள் படும் பாட்டில் ஒரு பகுதி அவருக்கு மிச்சம். ஜெயிக்க ஆரம்பித்த பிறகு நல்ல ஆட்டக்காரர்கள் தாமாகத் தேடி வருவதும் இயல்பு. யாரையும் வெட்டாததால் அணி பெருத்து, அதில் தாமதமாக முளைக்கும் திறமைகளும் அகப்பட்டிருக்கும். எது எவ்வளவு பங்கு என்று பிரிக்க என்னிடம் தராசு இல்லை.

ஒரு விஷயத்தில் மட்டும் காலம் அவர் பக்கம் சாய்ந்திருக்கிறது. பயிற்சியில் டேக்கிள் வேண்டாம் என்பதைப் பல வருடம் ஒரு கிராமத்துக் கோச்சின் விசித்திரமாகத்தான் பார்த்தார்கள். பிறகு தலையில் திரும்பத் திரும்ப அடிபடுவதால் மூளைக்கு வரும் பாதிப்பு பற்றிப் பேச்சு எழுந்தது. 2010-ல் டார்ட்மத் கல்லூரியின் கோச் டீவன்ஸ் பயிற்சியில் ஆட்டக்காரர்கள் ஒருவரை ஒருவர் டேக்கிள் செய்வதை அடியோடு நிறுத்தினார். 2015-ல் அந்த அணி ஐவி லீக் (ஹார்வர்ட், யேல் போன்ற பழைய பல்கலைக்கழகங்களின் மாநாடு) பட்டத்தில் பங்கு பெற்றது. 2016-ல் ஐவி லீக் கோச்சுகள் எல்லோரும் சேர்ந்து, சீசன் நடக்கும்போது பயிற்சியில் முழு மோதல் வேண்டாம் என்று முடிவெடுத்தார்கள். டேக்கிள் பழகாவிட்டால் மேட்சில் டேக்கிள் செய்ய வராது என்ற பழைய வாதம் இதனால் நொறுங்கிவிட்டது என்றே நான் நினைக்கிறேன். கலார்டி அதைப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே செய்து காட்டினார். அவர் பையன்களின் தலைகள் எத்தனை ஆயிரம் மோதல்களிலிருந்து தப்பின என்பதை எந்தப் பதிவேடும் எழுதி வைக்கவில்லை. அவருடைய 489-ஐவிட அது எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

போட்டி குறைந்த இடத்தில் ஜெயித்தாரா என்று கேட்டீர்கள். டிவிஷன் 1 அணியோடு ஒப்பிட்டால் அவர் அணி பலவீனம்தான், அதில் சந்தேகமில்லை. ஆனால் எதிரணிகளும் அதே விதியில், அதே மாதிரிப் பையன்களை வைத்து ஆடியவைதான். எடி ராபின்சனின் 408-ஐயும் இவருடைய 489-ஐயும் ஒரே தட்டில் வைத்து யார் பெரியவர் என்று கேட்பதில் அர்த்தமில்லை. ராபின்சன், கறுப்பின மாணவர்களுக்குப் பல கதவுகள் மூடியிருந்த காலத்தில் அவர்களை ஆளாக்கி, அவர்களில் 200-க்கு மேற்பட்டவர்களை என்.எஃப்.எல்லுக்கு அனுப்பியவர். அது வேறு வாழ்க்கை. டிவிஷன் 3-க்குள்ளேயே பார்த்தால், வெற்றி விகிதத்தில் கலார்டியைவிட மேலே இருப்பவர் மவுண்ட் யூனியனின் லாரி கெரஸ்: 332 வெற்றி, 24 தோல்வி, 3 டிரா, 11 தேசியப் பட்டம். சின்னக் கல்லூரி கோச்சுகளில் மிகச் சிறந்தவர் கலார்டிதான் என்று யாராவது அடித்துச் சொன்னால், அவரிடம் இந்தக் கணக்கைக் காட்டலாம்.

ஏன் பெரிய இடத்துக்குப் போகவில்லை என்பதற்கு, அந்தப் பாதை இல்லாததால் என்று நினைக்க வேண்டாம். பாதை உண்டு, பலர் போயிருக்கிறார்கள். கேலன் டிபோர், தெற்கு டகோடாவில் சியூ ஃபால்ஸ் என்ற சிறிய கல்லூரியில் 67 வெற்றி, 3 தோல்வி, மூன்று என்.ஏ.ஐ.ஏ. பட்டம் என்று தொடங்கி, படிப்படியாக ஏறி 2024-ல் அலபாமாவின் தலைமை கோச்சானார். எங்கள் விஸ்கான்சினிலேயே, வைட்வாட்டரில் எட்டு சீசனில் ஆறு தேசியப் பட்டம் வாங்கிய லான்ஸ் லைபோல்ட் டிவிஷன் 1-ல் இருக்கும் பஃபலோ பல்கலைக்கழகத்துக்குப் போய், 2021-ல் கான்சாஸ் பல்கலைக்கழகத்துக்குப் போனார். இதில் தவறு எதுவும் இல்லை. போகும் ஒவ்வொரு படியிலும் குடும்பத்தைப் பெயர்த்து நட வேண்டும், உதவி கோச்சாக இறங்கி மறுபடி ஏற வேண்டும். மூன்று சீசன் தோற்றால் வெளியே அனுப்பிவிடுவார்கள்.

சின்ன இடம் தருவதும் ஒன்று உண்டு. அங்கே ஒரு யோசனையை முயன்று பார்க்கலாம், தோற்றால் நாடு முழுக்கச் சிரிக்காது. இன்று கல்லூரிகளிலும் என்.எஃப்.எல்லிலும் பரவியிருக்கும், பந்தை ஓயாமல் எறியும் "ஏர் ரெய்டு" ஆட்டமுறை எங்கே உருவானது தெரியுமா? அயோவாவின் மவுண்ட் பிளசண்ட் என்ற சிற்றூரில், அயோவா வெஸ்லியன் என்ற கல்லூரியில். 1989 முதல் 1991 வரை ஹால் மம்மி அங்கே தலைமை கோச். உதவியாளராக இருந்தவர் மைக் லீச், சட்டம் படித்தவர், கல்லூரி ஃபுட்பால் ஆடாதவர். அந்தக் கல்லூரி 2023-ல் மூடப்பட்டுவிட்டது. சின்னக் கல்லூரி கோச்சின் வாழ்க்கையைப் பற்றிப் பேசும்போது இதையும் சொல்லத்தான் வேண்டும். நீங்கள் எவ்வளவு நல்ல கோச்சாக இருந்தாலும், ஒரு வசந்தகாலக் காலையில் கல்லூரியே இல்லாமல் போகலாம்.

இன்னொன்று, கலார்டியை வைத்து இந்தத் தொழிலை எடை போட்டால் தப்பாகிவிடும். அவர் அணி ஆடிய அதே மாநாட்டில் செயின்ட் பால் நகரின் மெக்கலஸ்டர் கல்லூரியும் இருந்தது. 1974 முதல் 1980 வரை அந்த அணி தொடர்ந்து 50 மேட்ச் தோற்றது. படிப்பில் நாட்டிலேயே மதிக்கப்படும் கல்லூரி அது. அந்த வருடங்களிலும் ஒவ்வொரு ஆகஸ்டிலும் ஒரு கோச் களத்தில் நின்று, பையன்களிடம் இந்த வாரம் ஜெயிக்கலாம் என்று சொல்லியிருக்க வேண்டும். நான் அருகில் பார்த்த மூன்று பேரில் ஒருவர் அப்படிப்பட்டவர்தான். ஐந்து வருடத்தில் அவர் ஜெயித்தது ஒன்பது மேட்ச். பையன்களின் படிப்பில் ஒரு பாடம் விடாமல் கவனித்தவர், கடைசியில் எண்ணிக்கையைக் காட்டி அனுப்பிவிட்டார்கள். பச்சைப் பட்டைகளை அவர்தான் அதிகம் சேர்த்தார் என்பது எங்கள் அலுவலகத்துக்குத் தெரியும், அதைச் சொல்ல வேண்டிய கூட்டத்தில் நாங்கள் சொல்லவில்லை. இன்றுவரை எனக்கு அது மனசில் உறுத்துகிறது.

இனி உங்கள் கேள்விக்கு என் பதில். இது என் கணிப்புதான், அவர் மனசுக்குள் போய்ப் பார்த்ததில்லை. கலார்டி செய்ததைப் பெரிய இடத்தில் செய்ய விட்டிருக்க மாட்டார்கள் என்று நினைக்கிறேன். வருடம் பத்து மில்லியன் டாலர் வாங்கும் கோச், கொசு கடிக்கிறது என்று பயிற்சியை உள்ளே மாற்றிவிட்டு அடுத்த சனிக்கிழமை தோற்றால் என்ன ஆகும்? நன்கொடை தருபவர்கள் விசில் எங்கே, எடை தூக்கும் அட்டவணை எங்கே என்று கேட்பார்கள். பெரிய இடத்தில் தோற்ற கோச் கடுமையாக உழைத்துத் தோற்றதாகவாவது காட்டியாக வேண்டும். துறவிகள் நடத்திய அந்தக் கல்லூரி அவரிடம் அதைக் கேட்கவில்லை. 1953-ல் அவர் வந்தபோது அங்கே இருந்த மடத்துக்கு வயது நூறை நெருங்கிக்கொண்டிருந்தது. நிதானமான இடம். அவரும் அங்கேயே குடும்பம் வளர்த்தார், மகன் ஒருவர் அதே அணியில் அவருக்கு உதவி கோச்சாக இருந்தார். இன்னும் மேலே என்று ஒரு இடம் அவர் கண்ணுக்குத் தெரிந்திருக்குமா என்பதே எனக்குச் சந்தேகம்.

இந்த வேலைக்கு வர நினைக்கும் யாரையாவது மனதில் வைத்து நீங்கள் கேட்டிருந்தால், அவரிடம் 2003-ஐவிட 2012-ஐப் பற்றிச் சொல்லுங்கள். கலார்டியின் கடைசி சீசன் அது. 5 வெற்றி, 5 தோல்வி. அந்த வருடமும் யாரையும் வெட்டவில்லை, பயிற்சியில் யாரும் யாரையும் தரையில் சாய்க்கவில்லை. தங்கள் தாத்தாவைவிட வயதான அந்த மனிதரைப் பையன்கள் அப்போதும் "ஜான்" என்றுதான் கூப்பிட்டார்கள்.